முன்னாளில் வந்த மகள்

மெல்ச்சோரா லிமாச்சியின் மகள் சாந்துசா வீடு திரும்பியது, அவள் திரும்புவாள் என்று பண்ணையார் சத்தியம் செய்ததற்கு ஒரு வருடம் முன்பு. உமாபம்பாவில் அதைப் பார்க்காத ஆளே கிடையாது. பிழை என்னவோ பண்ணையாருடையதுதான். ஆனால் தன் பிழைக்கு அவர் என்றைக்கு அழுதார்?

பண்ணை நிலத்தில் குடியிருக்கும் அய்மாரா குடும்பங்கள் முறைவைத்து வீட்டு வேலைக்கு ஆள் தர வேண்டும், கூலி கிடையாது என்பது வழக்கம். முறை முடிந்ததும் ஆளைத் திருப்பி அனுப்ப வேண்டும் என்பதும் வழக்கம்தான். பண்ணையார் தோன் எவரிஸ்தோவுக்கு முதலாவது மட்டுமே நினைவிருந்தது. பதினொரு வயது சாந்துசாவை லா பாஸ் நகரத்தில் தன் அக்காள் வீட்டு முற்றம் கழுவ அனுப்பினார், இரண்டு வருடமாகியும் திருப்பவில்லை. உருளைக்கிழங்கு நடவு நெருங்கியபோது மெல்ச்சோரா பண்ணை வாசலில் போய் உட்கார்ந்தாள். அவளைப் பார்த்து ஊரே வந்து உட்கார்ந்தது. மேஸ்திரி சாட்டையால் விளாசினான். அடி விழ விழ இன்னும் நெருக்கி உட்கார்ந்தார்கள். விதைக்கிழங்கு சாக்கிலேயே முளைவிடத் தொடங்கியது.

கடைசியில் பண்ணையாரே சாராயக் குப்பியோடு வெளியே வந்தார். மண்ணுக்கு முதல் வாய் ஊற்றிவிட்டுச் சொன்னால் அது சத்தியம், அப்புறம் மாற்ற முடியாது. அந்த மட்டும் அவருக்கும் தெரியும். இளித்துக்கொண்டே ஊற்றினார். அய்மாரா மொழியிலேயே சொன்னார்: "உம் மக முன்னாள்ல வீட்டுக்கு வந்துருவா, போதுமா?" மேஸ்திரியின் சாட்டையை வாங்கி எதிரே மலைப் பக்கம் நீட்டியும் காட்டினார்.

பின்னாள் என்று சொல்லியிருக்க வேண்டும். அய்மாரா மனிதர்களுக்கு நடந்து முடிந்தது கண் முன்னால் கிடக்கிறது, பார்த்தாயிற்றே. வரப்போவது முதுகுக்குப் பின்னால் இருக்கிறது, அதை எவன் பார்த்தான்? நாளைக்கு என்று சொன்னால் தோளுக்குப் பின்னால்தான் கை காட்டுவார்கள். ஸ்பானியத்தில் கனவு காணும் பண்ணையாருக்கு எல்லாமே எதிரே வரவேண்டும். "ஐயாவுக்கு நாக்கு புரண்டுருச்சு" என்று கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். மண்ணுக்குச் சிரிக்கத் தெரியாது. சொன்னதைச் சொன்னபடி செய்துவிட்டது.

மறுநாள் காலை எல்லாருக்கும் நினைவிருந்தது. போன வருடம் கிழங்கு தோண்டும்போது சாந்துசா சிவப்புப் போர்வையோடு வந்தாள், பனியில் காயவைத்த கிழங்கில் வைத்த கஞ்சியைக் குடித்துவிட்டு உப்பு கம்மி என்றாள், அம்மாவிடம் சடை பின்னிக்கொண்டாள். மெல்ச்சோராவின் விரல்களில் அந்த முடியின் பிசுக்குகூட இருந்தது. வீட்டில்தான் மகள் இல்லை. வந்தாள், சரி. வந்தவள் அப்புறம் இருப்பாளா என்று சத்தியத்தில் ஒரு வார்த்தையும் இல்லை.

கேட்டது கிடைத்துவிட்டதால் ஊர் எழுந்து நடவுக்குப் போனது. மெல்ச்சோராவும் போனாள். நகரத்தில் பண்ணையாரின் அக்காளும் அந்தப் பெண்ணை எப்போதோ அனுப்பிவிட்டதாகவே நம்பினாள். முற்றம் கழுவுகிறவள் வேறு யாரோ என்று நினைத்து "ஏய்" என்று கூப்பிட்டாள், சாப்பாட்டுக்கு மட்டும் கூப்பிடவில்லை. இதைவிடக் கொடுமை, சாந்துசாவுக்கும் அந்த நாள் நினைவிருந்தது. வீட்டுக்குப் போய் வந்தவளுக்கு ஓடிப்போக வேண்டும் என்றே தோன்றவில்லை.

உழுதவருக்கே நிலம் என்ற சட்டம் வந்த வருடம் ஓர் அதிகாரி வந்து, பண்ணையார் மேல் புகார் இருந்தால் சொல்லச் சொன்னார். உன் மகளைத் திருப்பித் தந்தாரா என்று மெல்ச்சோராவைக் கேட்டார். ஊர்த் தலைவர் அலெக்சோ அவள் காதருகே குனிந்தார். "இல்லன்னு சொல்லும்மா. ஒத்த வார்த்தை. நாளைக்கே போலீஸ் போய் அந்த வீட்டுக் கதவ உடைக்கும்."

"கண்ணால பாத்தத பாக்கலன்னு எப்படிண்ணே சொல்றது?"

அய்மாரா மொழியில் கண்ணால் கண்டதைச் சொல்ல வினைக்கு ஒரு முடிப்பு, காதால் கேட்டதைச் சொல்ல வேறு முடிப்பு. மாற்றிச் சொன்னால் வாய் கோணும் என்பார்கள். அவளுடைய பயம் அதுவும் இல்லை. "இல்லன்னு சொன்னா அந்தச் சடையும் இல்லன்னு ஆயிரும்ல. எங்கிட்ட அது ஒண்ணுதான இருக்கு" என்றாள். பிறகு அதிகாரியைப் பார்த்து, "வந்தா. பாத்தேன்" என்றாள். கேட்டுக்கொண்டிருந்த பண்ணையார் சுருட்டைப் பற்றவைத்துக்கொண்டு நடையைக் கட்டினார். பல வருடம் கழித்து, தின்று கொழுத்து, மெத்தையில் படுத்தபடி நிம்மதியாகச் செத்தார்.

மெல்ச்சோரா அன்றிலிருந்து பாதைக்கு முதுகைக் காட்டியே உட்கார்ந்தாள். இனி வரவேண்டியவள் பின்னாலிருந்துதானே வரவேண்டும்? "முதுகுல கண்ணு முளைச்சிருச்சாடி?" என்று நூல் நூற்றபடியே பக்கத்து வீட்டுக்காரி கிண்டல் செய்தாள். "உன் நூலப் பாத்து நூலுடி" என்றாள் இவள்.

தலை முழுக்க நரைத்த பிறகு ஒரு மத்தியானம் முதுகுக்குப் பின்னால் காலடி கேட்டது. காரச் சோப்பு நாறும் கை ஒன்று தோளில் விழுந்தது.

"அம்மா."

"நீதான் வந்துட்டுப் போயிட்டியேடி."

"ஆமா. கஞ்சியில உப்பு கம்மி."

மெல்ச்சோரா அழுதாள், ஆனால் திரும்பவில்லை. திரும்பினால் மகள் கண் முன்னால் வந்துவிடுவாள். முன்னால் இருப்பதெல்லாம் முடிந்துபோனது. வந்தவளுக்கும் அது தெரியும், அதனால் சுற்றி வரவில்லை. முதுகோடு முதுகு சாய்ந்து உட்கார்ந்தாள். மெல்ச்சோரா சாகும்வரை இருவரும் அப்படியே இருந்தார்கள், அப்படியே பேசிக்கொண்டார்கள், ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவே இல்லை. ஊரில் யாரும் அதை வினோதமாக நினைக்கவில்லை. கஞ்சி கொண்டுவருகிறவர்கள் கிழவிக்கு முன்னால் ஒரு கிண்ணம், பின்னால் ஒரு கிண்ணம் வைப்பார்கள். பின்னால் வைப்பதில் மட்டும் உப்பைக் கொஞ்சம் தூக்கலாகப் போடுவார்கள்.