இரண்டாம் எதிரி ஆஜர்

மாட்டைப் பிடிக்க வாரண்டு போட்டதை நான் என் கண்ணால் பார்த்திருக்கிறேன். அந்தக் கோர்ட்டில் அப்போது பங்கா, அதாவது கூரையில் தொங்கும் துணி விசிறி, கயிறு பிடித்து இழுத்துக்கொண்டிருந்தேன். எந்தக் கோர்ட் என்று சொல்ல மாட்டேன். கட்டடம் இன்னும் நிற்கிறது.

வெள்ளைக்காரன் காலம். நசரத்பேட்டைக் குடியானவன் பரந்தாமன், காற்றில் முறிந்த சர்க்கார் புளியமரக் கிளை ஒன்றை அடுப்புக்கென்று வண்டியில் கொண்டுபோனான். மறுநாள் ஏட்டு ஜெயராமன் அவனை வயலில் பிடித்து, "கூட யார்ரா இஸ்துகினு போனது?" என்று கேட்டார்.

"நானும் முனியனுந்தான் சாமி."

ஏட்டு எழுதிக்கொண்டார்: முதல் எதிரி பரந்தாமன், இரண்டாம் எதிரி முனியன், தப்பி ஓட்டம். முனியன் என்பது பரந்தாமனின் ஒற்றை மாடு.

இரண்டு பேரும் வந்தால்தான் விசாரணை என்று மாஜிஸ்திரேட் பரந்தாமனை சப்ஜெயிலில் போட்டார். முனியன் மாடு என்று பரந்தாமன் சொன்னதை யாரும் நம்பவில்லை. ஜாமீனும் கிடையாது, கூட்டாளி ஓடியவன், இவனும் ஓடுவானாம். தனியாக விசாரிக்கவும் சட்டத்தில் இடம் இருந்தது. அதை எடுத்துச் சொல்ல வக்கீல்தான் இல்லை.

ஏட்டு வாரண்டோடு வீட்டுக்குப் போனார். பரந்தாமனின் பெண்சாதி கெங்கம்மாள் கொட்டகையில் இருந்தாள்.

"முனியன் எங்கம்மா கீறான்?"

"தோ, தொட்டில தண்ணி குடிச்சிகினு கீறான். இஸ்துகினு போ ஏட்டையா. எங்க ஊட்டுக்காரரை உட்டா போதும்."

ஏட்டு மாட்டைப் பார்த்தார். மாடும் ஏட்டைப் பார்த்தது.

"ஐயா கையெழுத்து போட்ட வாரண்டும்மா. மாடுன்னு போய்ச் சொன்னா என் தொப்பி பூடும்" என்றவர், 'ஆள் தலைமறைவு' என்று எழுதினார்.

அடுத்து தமுக்கு. முப்பது நாளில் முனியன் ஆஜராக வேண்டும் என்று தெருவில் அடித்துச் சொல்லி, கொட்டகைக் கம்பத்தில் நோட்டீசை ஒட்டினார்கள். கஞ்சிப் பசை. முனியன் அதை நக்கி நக்கி முழுக்கத் தின்றுவிட்டது. நோட்டீஸ் சேரவில்லை என்று யாரும் சொல்ல முடியாது.

முப்பது நாளும் போயிற்று. வராதவனை வரவழைக்க அவன் சொத்தை ஜப்தி செய்வார்கள். முனியன் குடியிருந்த கொட்டகையில் இருந்த சொத்து ஒரு மாடு. ஆகவே முனியன் வரவேண்டும் என்பதற்காக முனியனை ஜப்தி செய்து, குமணன்சாவடியில் ஏலம் விட்டார்கள். கருங்கல் வண்டி ஓட்டும் ஹபிபுல்லா எடுத்தார்.

அதற்குள் ஜெயிலில் பரந்தாமனுக்குப் பேதி கண்டிருந்தது. கெங்கம்மாள் ஹபிபுல்லாவிடம் ஓடினாள்.

"பாய், வாய்தா அன்னிக்கு மட்டும் முனியனைக் கோர்ட்டாண்ட இட்டுகினு வா. ஐயா கண்ணால பாத்தா அவரை உட்ருவாரு."

"வண்டியோடவே வரேன் தங்கச்சி. ஆனா தமிழ்ல கேள்வி கேட்டா முழிப்பான். நம்மகிட்ட வந்து உருது கத்துகினான்."

இரண்டு மாதத்தில் அன்றுதான் அவள் சிரித்தாள்.

வாய்தா நாள். வராதவனை முதலில் கூப்பிடுவது அங்கே வழக்கம். டவாலிச் சேவகன் வாசலில் நின்று கூவினான்.

"முனியன்! முனியன்! முனியன்!"

வண்டியிலிருந்து அவிழ்த்திருந்த மாடு, மூன்றாவது குரலுக்குப் படியேறி உள்ளே வந்து கூண்டருகே நின்றது. பங்காவை நான் நிறுத்திவிட்டேன். யாரும் என்னைத் திட்டவில்லை. மாஜிஸ்திரேட் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மாட்டிக்கொண்டு, மறுபடியும் பார்த்தார்.

"முதல் எதிரியைக் கூப்பிடு" என்றார்.

கெங்கம்மாள் கும்பிட்ட கையை இறக்கவில்லை.

"பரந்தாமன்! பரந்தாமன்! பரந்தாமன்!"

ஜெயில் காவலன் ஒரு சீட்டோடு வந்தான். அன்று விடியற்காலையே உயிர் போயிருந்தது.

மாஜிஸ்திரேட் எழுதினார்: இரண்டாம் எதிரி ஆஜர். முதல் எதிரி ஆஜரில்லை.

ஹபிபுல்லா கல் வண்டியில் வைக்கோல் பரப்பினார். பரந்தாமனை நசரத்பேட்டைக்கு இழுத்துக்கொண்டு போனது முனியன்தான். கயிற்றை யாரும் பிடிக்கவில்லை. வீட்டுக்கு வழி அதற்குத் தெரியும்.