பினாயிலுக்கு வைத்த பேர்

முதலாளிக்கு மூக்கு வேலை செய்யாது. இருபத்திரண்டு வருடமாகப் பினாயில் கலக்கி விற்றதில் அது தானாகவே ஓய்வு வாங்கிக்கொண்டு போய்விட்டது. அதனால் புதுச் சரக்கு கலக்கும்போதெல்லாம் ஒரு மூடியில் ஊற்றிக்கொண்டு ஆபீஸ் அறைக்கு வருவார். பெரியவளின் மேசையில் வைத்துவிட்டு, பரீட்சை எழுதியவன் மாதிரி கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்.

"எப்படிம்மா இருக்கு?"

"பச்சையா இருக்கு சார்."

"கலர் எனக்கே தெரியுது. வாசனையைச் சொல்லு."

"வாசனையைத்தான் சொன்னேன். மழை விட்டப்புறம் இலையிலேருந்து வருமே, அது மாதிரி."

சொல்லிவிட்டுத்தான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். அந்த வாசனைக்கு ஒரு பேர் இருந்தது. அந்தப் பேரால் அவளுக்கு மூன்று வருடத்துக்கு மேலாக வயிற்றெரிச்சலும் இருந்தது.

பெரியவள் என்பது வீட்டில் அவளுக்கு விழுந்த பட்டம். அண்ணன் பெண்டாட்டி பெரியவள், தம்பி பெண்டாட்டி சின்னவள். ஒருத்தி கீழ் வீடு, ஒருத்தி மாடி வீடு. நடுவில் பதினேழு படி, ஒரு மாமியார். மாமியாருக்குச் சாப்பாடு மேலே, தூக்கம் கீழே, நியாயம் எங்கே சாப்பிட்டாளோ அங்கே.

பெரியவளுக்குக் கல்யாணமாகி எட்டு வருடம். குழந்தை இல்லை. மூன்று டாக்டர்களை மாற்றியாயிற்று. விசாரிக்கிறவர்களுக்குச் சொல்ல ஏழெட்டுப் பதில்கள் மனப்பாடம். கம்பெனியில் பில் போடுவதோடு லேபிளுக்கு வாசகம் எழுதுவதும் அவள் வேலைதான். அதற்கென்று முதலாளி பழைய பேப்பர் கடையிலிருந்து அட்டை போன அகராதி ஒன்றைத் தூக்கி வந்து போட்டிருந்தார். நாலு கிலோ இருக்கும். ஒருநாள் மத்தியானம், எலுமிச்சை வாசனைக்குச் சொல் தேடப் போன இடத்தில் அவள் கண்ணில் அந்தப் பேர் பட்டது. மூன்றே எழுத்து. "மழை விட்ட பின் நனைந்த இலையினின்று எழும் மணம்" என்று பொருள் போட்டு, பக்கத்தில் "அருகிய வழக்கு" என்று சின்ன எழுத்தில் இருந்தது. பழைய பாட்டு ஒன்றில் ஒரே ஒரு தடவை வந்திருக்கிறதாம். அதற்கப்புறம் அதை யாரும் தொடவில்லை.

அவள் அதைக் கம்பெனிக்குக் கொடுக்கவில்லை. முதலாளிக்கு 'ஜில்ஜில்' என்று எதையோ எழுதிக் கொடுத்துவிட்டு, இந்தச் சொல்லைத் தன் பெண்ணுக்கென்று எடுத்து வைத்துக்கொண்டாள். புருஷனிடம்கூடச் சொல்லவில்லை. அவன் வாயில் வெந்நீர்கூட ஆறாது. ஆனால் கல்யாணமாகிப் புதிதாக வந்திருந்த சின்னவளிடம், மொட்டை மாடியில் துணி காயப் போட்டுக்கொண்டே, பொருள், பிறப்பிடம், எழுத்துக் கணக்கு எல்லாவற்றையும் ஒப்பித்துவிட்டாள். அப்போது இரண்டு பேரும் அப்படி. ஒரே பக்கெட்டில் துணி அலசுவார்கள்.

அடுத்த வருடம் ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது. "அக்கா, பொண்ணு. பேரும் வச்சாச்சு." சொன்ன பேர் அதே பேர்.

பத்து நாள் பொறுத்துப் பெரியவள் படியேறிப் போய்க் கேட்டாள். சின்னவள் குழந்தைக்குப் பவுடர் போட்டுக்கொண்டே, நிமிராமல் பதில் சொன்னாள்.

"சும்மா பூட்டிக் கிடந்த ரூம் மாதிரிதானேக்கா கிடந்துச்சு அந்தப் பேரு. ஆள் புழங்கினாத்தான் அழகு. நீங்க தேடுறதுல கெட்டிக்காரி, வேற கிடைக்காமலா போயிடும்?"

பெரியவள் இறங்கி வந்துவிட்டாள். பதினேழு படியிலும் ஒரு வார்த்தை வரவில்லை. பதில் வராதவர்கள்தான் ஆபத்தானவர்கள். வந்த பதிலைச் சொல்லிவிட்டுப் போகிறவர்களுக்கு அன்றைக்கே தூக்கம் வந்துவிடும்.

திருடியதோடு நின்றிருந்தாலாவது பரவாயில்லை. தெருவில் யார் கேட்டாலும் சின்னவள் ஒரு கதை சொன்னாள். அவள் சித்தப்பா தமிழ் வாத்தியாராம், ஒரு வாரம் புத்தகமும் கையுமாக உட்கார்ந்து கண்டுபிடித்த பேராம், அந்தக் காலத்து அரசகுமாரி ஒருத்தியின் பேராம். முதல் பிறந்தநாளில் அவள் வெறும் அரசகுமாரியாகத்தான் இருந்தாள். இரண்டாம் பிறந்தநாளில் கவிதை எழுதினாள். மூன்றாவதில் குதிரையேறிப் படை நடத்தினாள். நாலாவதில் கடல் தாண்டுவதாக இருந்தாள். வருடா வருடம் பக்கத்தில் நின்று கேக் வெட்டுகிற கத்தியை எடுத்துக் கொடுத்தது பெரியவள்தான்.

"பேர் சொல்லும்மா," என்று முதலாளி அவசரப்படுத்தினார். "போன தடவை வச்ச பேரு எவன் வாயிலயும் நுழையல."

பெரியவள் மூடியைப் பார்த்தாள். பச்சையாக, பரம சாதுவாக இருந்தது.

"இருக்கு சார். மூணு எழுத்து."

பேரைச் சொன்னாள். பொருளைச் சொன்னாள். அகராதியை விரித்து விரல் வைத்துக் காட்டினாள். முதலாளி கண்ணாடியை ஏற்றிப் படித்துவிட்டு, தன் மூக்கில் ஏறாத வாசனை எழுத்தில் ஏறிவிட்ட மாதிரி ஒரு மூச்சு இழுத்தார்.

"பிரமாதம். இத்தனை நாள் எங்கம்மா ஒளிச்சு வச்சிருந்த?"

"பத்திரமாத்தான் சார் வச்சிருந்தேன்."

லேபிள் வாசகத்தை அவள் எழுதிய அழகைப் பார்த்திருக்க வேண்டும். வழக்கமாக அரைமணியில் முடிக்கிறவள், ரெண்டு நாள் எடுத்துக்கொண்டாள். நடுவில் பேர், பெரிய எழுத்தில். அதன் கீழே, "கழிவறைக்கும் சாக்கடை வாய்க்கும் ஏற்றது." அதற்கும் கீழே, "ஒரு மூடி போதும், ஒரு பூச்சி தங்காது." ஓரத்தில், சட்டப்படி போட்டே ஆக வேண்டிய வரி: "குழந்தைகளுக்கு எட்டாத இடத்தில் வைக்கவும்." அந்த வரியை மட்டும் அவள் நாலு தடவை வாய்விட்டுப் படித்ததாக லேபிள் ஒட்டுகிற பெண் பின்னாளில் எல்லோரிடமும் சொன்னாள்.

சரக்கு வெளியே போனது. மூன்று வாரத்தில் அவர்கள் தெருவின் மளிகைக் கடை அலமாரியில் வந்து வரிசையாக நின்றது. எதிர்வீட்டுத் தையல்காரி ஒரு பாட்டில் வாங்கினாள். வாங்கியவள் சும்மா இருப்பாளா? ஜன்னலிலிருந்தே மாடிக்குக் குரல் கொடுத்தாள்.

"ஏங்க, உங்க அரசகுமாரி எங்க பாத்ரூமுக்கு வந்துட்டாங்க. குதிரையை எங்க கட்டறது?"

அன்று சாயங்காலம் பெரியவள் படி கழுவிக்கொண்டிருந்தாள். பக்கெட்டில் அந்தப் பச்சைத் தண்ணீர்தான். சின்னவள் ஒரு பாட்டிலைக் கழுத்தைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு பாதிப் படி வரை இறங்கி வந்தாள்.

"இது என்னக்கா?"

"பினாயில்."

"பேரைப் பாருங்க."

"பாத்தேன். எழுத்தைக் கொஞ்சம் பெருசாப் போட்டுட்டான்."

"என் பொண்ணு பேரு."

"அரசகுமாரி பேருன்னுல்ல சொன்ன? அது ஊருக்கே பொதுவாச்சே. உங்க சித்தப்பாவை வரச் சொல்லு, எங்க முதலாளிகிட்டப் பேசட்டும்."

"வேணும்னே பண்ணியிருக்கீங்க."

"நான் பில் போடறவ. எனக்கு எதுக்கு இந்தப் பெரிய மனுஷி வேலையெல்லாம்? ஈரமா இருக்கு, வழுக்கும். பாத்து ஏறு."

சின்னவளுக்கு வாய் துடித்தது. 'நீங்க உங்க பொண்ணுக்கு வச்சிருந்த பேருதானே' என்று ஒரு வரி சொன்னால் போதும், பெரியவளின் குட்டு உடைந்துவிடும். ஆனால் அந்த வரியைச் சொன்னால் அரசகுமாரி செத்தாள், சித்தப்பா செத்தார், திருட்டு வெளியே வந்தது. பாட்டிலோடு திரும்பி ஏறினாள். பெரியவளுக்கு அந்த முதுகைப் பார்த்த சுகம் ஒரு வாரம் தாங்கியது.

அந்த வாரம் முடிவதற்குள்தான் அது நடந்தது. நாலாவது டாக்டர் ரத்தம் எடுத்து, ஒரு காகிதத்தைப் பார்த்து, சிரித்தாள். எட்டு வருடம் வராதது வந்திருந்தது.

புருஷன் அழுதான். மாமியார் முதல் தடவையாகக் கீழே சாப்பிட்டாள். பெரியவள் மட்டும் நாற்காலியில் உட்கார்ந்து விரல் விட்டு எண்ணினாள். லேபிளுக்குப் பேர் கொடுத்த நாளில் அவள் ஒருத்தியாக இல்லை, இரண்டு பேராக இருந்திருக்கிறாள். மறுநாளே முதலாளியிடம் போய், பேரை மாற்றிவிடலாமா என்று பட்டும் படாமல் கேட்டுப் பார்த்தாள். "விளையாடறியா? மூணு ஊர்லேருந்து ஆர்டர் வருது," என்று அவர் டிரம் பக்கம் போய்விட்டார். எட்டு வருடம் பெண் குழந்தை கேட்டவள், அன்றிலிருந்து பையனாக இருந்தால் தேவலை என்று நினைக்க ஆரம்பித்தாள்.

அதற்காகப் படி கழுவுவதை விட்டுவிடவில்லை. குனிய முடியாத மாதம் வந்ததும் புருஷனைக் கழுவச் சொன்னாள்.

ஏழாம் மாதத்தில் ஒருநாள் சின்னவளின் பெண் தனியாகப் படியிறங்கி வந்தாள். நாலு வயதுக்காரி. பெரியவளின் நாற்காலியருகே வந்து தலையைக் குனிந்து நீட்டினாள்.

"பெரியம்மா, என்னை மோந்து பாருங்க."

"எதுக்குடி?"

"பாருங்களேன்."

மோந்து பார்த்தாள். எண்ணெயும் சாக்பீஸும் கலந்த வாசனை.

"பாலர் பள்ளியில எல்லாரும் என்னைக் கூப்பிட்டுட்டு மூக்கைப் பிடிச்சுக்கறாங்க. நான் நாறுறேனா?"

"இல்லடி. நல்லாத்தான் இருக்கு."

"அப்ப அவங்க மூக்கு கெட்டுப் போச்சா?"

"ஆமா," என்றாள் பெரியவள். வேறு என்ன சொல்வது? அன்று படி கழுவ வேண்டாமென்று புருஷனிடம் சொன்னாள். மறுநாள் வேண்டுமென்று சொன்னாள். கோபம் என்ன ஒரே வெயிலில் காய்கிற துணியா?

பிறந்தது பெண்தான்.

மூன்றாம் நாள் ஆஸ்பத்திரி அறையில் எல்லோரும் கூடியிருந்தார்கள். கட்டிலில் பெரியவள், பக்கத்துத் தொட்டிலில் குழந்தை, ஸ்டூலில் மாமியார். சின்னவள் புதுப் புடவையில் வந்திருந்தாள். அவள் பெண் ஜன்னல் பக்கம் திரும்பி நின்று கண்ணாடியில் மூச்சு விட்டுப் படம் போட்டுக்கொண்டிருந்தாள். பதிவு செய்கிற அம்மாள் படிவத்தோடு உள்ளே வந்து, பேனா மூடியைக் கழற்றினாள்.

"குழந்தைக்குப் பேர் சொல்லுங்க. இன்னும் ஆறு ரூம் போகணும்."

பெரியவள் வாயைத் திறப்பதற்குள் சின்னவள் முந்திக்கொண்டாள்.

"நான் சொல்றேங்க. அத்தை, இன்னைக்கு உங்க முன்னாடி ஒரு உண்மையைச் சொல்லிடறேன். எங்க பொண்ணுக்கு வச்ச பேரு அக்கா தேடிக் கண்டுபிடிச்ச பேரு. அவங்க பொண்ணுக்குன்னு ஆசையா வச்சிருந்தாங்க. நான்தான் புத்தியில்லாம எடுத்துக்கிட்டேன். மனசு உறுத்திக்கிட்டே இருந்துச்சு." கைப்பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்தாள். "ஸ்கூல்ல சேர்க்கப் போறோம். இந்த ஃபார்ம்ல எங்க பொண்ணுக்கு வேற பேரு எழுதப் போறேன். அந்தப் பேரை அக்கா பொண்ணுக்கே வைங்க. அதுதான் நியாயம்."

மாமியாருக்குக் கண் கலங்கிவிட்டது. "யாருக்கு வரும் இந்த மனசு," என்று சின்னவளின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

பெரியவளுக்குப் புரிந்துவிட்டது. அடேயப்பா, எத்தனை மாதம் உட்கார்ந்து யோசித்திருப்பாள். வேண்டாம் என்றால் ஏன் என்று கேட்பார்கள். பினாயில் பேரை என் பொண்ணுக்கு எப்படி வைப்பது என்று அவள் வாயாலேயே சொல்ல வேண்டும். சரி என்றால், நாலு வருடம் கழித்து இந்தக் குழந்தை ஒரு வாசலில் தலையை நீட்டிக்கொண்டு நிற்கும். சின்னவள் தேன் ஒழுகச் சிரித்துக்கொண்டிருந்தாள். அந்தச் சிரிப்பைப் பெரியவளுக்கு நன்றாகத் தெரியும். படி கழுவும்போது அவளும் அதையே போட்டுக்கொண்டிருந்தாள்.

"ம், பேர்?" என்றாள் பதிவு செய்கிற அம்மாள்.

பெரியவள் குழந்தையைத் தூக்கி மடியில் போட்டுக்கொண்டாள். எட்டு வருடம் இந்த முகத்துக்குத்தான் காத்திருந்தது. பொருந்துகிறதா என்று ஒரு தடவை சொல்லிப் பார்த்தால் என்ன என்று தோன்றியது. குனிந்து, மெதுவாக, அந்தப் பேரைச் சொன்னாள்.

குழந்தை அசையவில்லை.

"என்ன பெரியம்மா?" என்று ஜன்னலிலிருந்து ஓடி வந்தது இன்னொன்று. கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றது.

"உன்னை இல்லடி," என்று சின்னவள் சட்டென்று அதன் தோளைப் பிடித்து இழுத்தாள். "உனக்குத்தான் வேற பேரு வைக்கப் போறோம்னு சொன்னேன்ல. அது இனிமே பாப்பா பேரு."

அந்தப் பெண் அம்மாவைப் பார்த்தது. பாப்பாவைப் பார்த்தது. பிறகு பெரியம்மாவைப் பார்த்து, நியாயம் கேட்கிற மாதிரி நின்றது. "என்னைத்தானே கூப்பிட்டீங்க?"

"உன்னைத்தான்," என்றாள் பெரியவள். "உன் பேரைச் சொன்னா வேற யாரைக் கூப்பிடுவேன்? மேல ஏறி உக்காரு. தங்கச்சியைப் பாரு."

சின்னவளின் சிரிப்பு இருந்த இடத்திலேயே நின்றுபோனது. எடுத்த ஃபார்மை மடிப்பதா, விரித்தே வைத்திருப்பதா என்று தெரியாமல் விரல்கள் தடுமாறின.

"அத்தை, நாலு வருஷம் அந்தப் பேருக்கு ஓடி வந்திருக்கா," என்று பெரியவள் மாமியார் பக்கம் திரும்பி, சின்னவளுக்குக் கேட்கும்படி நிதானமாகச் சொன்னாள். "பிடுங்கினா பாவம் இல்லையா? கொடுத்தது கொடுத்ததாகவே இருக்கட்டும். ஸ்கூல்லயும் அதையே எழுதச் சொல்லுங்க."

மாமியாருக்கு இப்போது யாருடைய மனசைப் புகழ்வது என்று குழப்பமாகிவிட்டது. "அதுவும் சரிதான்," என்றாள். "அப்ப நம்ம குட்டிக்கு?"

பதிவு செய்கிற அம்மாள் கடிகாரத்தைப் பார்த்தாள்.

"காலியா விட்டுட்டுப் போங்கம்மா, அப்புறம் வந்து எழுதிக் கொடுக்கறேன்," என்றாள் பெரியவள். கட்டிலில் ஏறி உட்கார்ந்த பெண்ணின் கைக்குக் குழந்தையின் விரலைக் கொடுத்துவிட்டு, சின்னவளை நேராகப் பார்த்தாள்.

"தேடணும் அத்தை. இந்தத் தடவை யார்கிட்டயும் வாயைத் திறக்காமத் தேடறேன்."