பாப்பா என்ற பெயர்

மாவுக்கட்டு போட்ட காலை முக்காலியில் தூக்கி வைத்துக்கொண்டு டிவியைப் போட்ட அக்கா, ரிமோட்டைப் பிடித்த கையோடு அப்படியே உட்கார்ந்துவிட்டாள். படம் பார்க்கும் ஆப்பைத் திறந்ததும், யார் பார்ப்பது என்று தேர்ந்தெடுக்கத் திரையில் எப்போதும் இரண்டு பெயர்கள் வரும்: அம்மா, பாப்பா. பாப்பாவில் நுழைந்துதான் ஒரு மாதமாகத் துப்பறியும் தொடர் பார்த்துவந்தாள். இன்று அந்தப் பெயர் மாறியிருந்தது.

'பாப்பா, வந்துட்டியா?'

கால் முறிந்து கிடப்பவளுக்குப் பொழுது போகட்டும் என்று, டிவி ரிப்பேர்க் கடை வைத்திருக்கும் தம்பி போட்டுக்கொடுத்த கணக்கு அது. தானமாக வந்த மாட்டை யார் பல்லைப் பிடித்துப் பார்ப்பார்கள்? அவளும் இதுவரை கேட்கவில்லை. இன்று மதியம் அவன் சாப்பாட்டோடு வந்தபோது கேட்டாள்.

"யாரு வீட்டு கணக்குடா இது?"

"எனக்கெப்படிக்கா தெரியும்? வெளிய கசிஞ்ச பாஸ்வேர்டு ஆயிரக்கணக்குல கெடக்கு. ஒரு புரோகிராம் இருக்கு, அது ஒவ்வொண்ணா போட்டுப் பாத்து, தொறக்கிறத மட்டும் எடுத்துக் குடுக்கும். நான் எதையும் ஒடைக்கல."

"தெருவுல எல்லா வீட்டுப் பூட்டுலயும் சாவியப் போட்டுப் பாத்துட்டு, ஒடைக்கலங்கிறே."

"மூணு வருஷமா யாரும் பாக்காத பேரத்தானே குடுத்தேன்? யாருக்கு என்ன கொறஞ்சுது?"

அவள் திரையைக் காட்டினாள். அதைப் படித்ததும், திறந்த சாப்பாட்டு டப்பாவை மறுபடி மூடினான்.

"வெளிய வந்துடலாம்க்கா. இப்பவே."

"இந்தப் பேர்ல தொடர் ஓடறதப் பாத்து அந்தம்மா, பொண்ணு வந்துட்டான்னு நெனச்சிருக்கு. வந்தவ சொல்லாம கொள்ளாம மறுபடியும் போயிடணுமா?"

அவன் டப்பாவை ஒதுக்கி வைத்துவிட்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தான்.

"இன்னொண்ணும் இருக்குக்கா. அந்தப் பாஸ்வேர்டு என்னை மாதிரி பத்து பேர் கையில இருக்கும். எல்லாரும் டிவி பாக்கிறதோட நிக்க மாட்டாங்க. மாத்தச் சொல்லணும்."

"மாத்தினா?"

"பழசு தொறக்காது. நமக்கும் சரி, வேற யாருக்கும் சரி."

எங்கேயோ இருக்கும் அந்தப் பெண்ணுக்குப் பழைய பாஸ்வேர்டு இன்னும் மனப்பாடமாக இருக்கலாம். என்றைக்காவது மனம் கேட்காமல் அதைத் தட்டிப் பார்க்கவும் செய்யலாம். இப்படி நினைத்துக்கொண்டே அக்கா ரிமோட்டைத் திரைப் பக்கம் திருப்பினாள்.

"'நீங்க நெனைக்கிற ஆள் நான் இல்லம்மா, பாஸ்வேர்ட மாத்திடுங்க.' பேர் எடத்துல இவ்வளவு எழுதினா போதுமாடா?"

"போதும்க்கா."

பெயரை மாற்றும் இடத்தைத் திறந்து, கடைசி எழுத்திலிருந்து அழிக்கத் தொடங்கினாள். கேள்விக்குறி போனது. 'வந்துட்டியா' எழுத்தெழுத்தாகத் தேய்ந்து போனது. 'பாப்பா' மட்டும் மிஞ்சியபோது விரல் நின்றது. அந்தப் பெயரை ஒட்டி ஒரு சின்னக் கோடு மறைந்து மறைந்து மினுக்கிக்கொண்டிருந்தது.