ஆஸ்பத்திரிக்கு மூன்றாம் தண்ணீர்

பெரியாஸ்பத்திரிக்கு அம்மை போட்டிருந்தது. வாசலில் வேப்பிலை கட்டியிருந்தார்கள். வெளிச்சுவர் முழுக்கச் சுண்ணாம்பு முத்து முத்தாகப் பொங்கியிருந்தது.

ராக்கு மகளைத் தோளில் போட்டுக்கொண்டு கேட்டில் நின்றாள். மயிலுக்கு நாலு வயது. போன வாரம் அவளுக்கும் அம்மைதான். அது அடங்குவதற்குள் ஈறு வீங்கி வாய் நாறியது. இன்று காலையில் வலது கன்னத்தில் உளுந்தளவு கறுப்பு. பஸ்ஸை விட்டு இறங்கும்போது அது புளியங்கொட்டை அளவு இருந்தது.

"உள்ள விடுங்கய்யா. பிள்ள கன்னம் கறுத்துக்கிட்டே வருது."

"மூணாந் தண்ணி ஊத்துற வரைக்கும் உள்ள மருந்து புழங்கப்படாது தாயி" என்றார் வாட்ச்மேன். "தெரியாத மாதிரி கேக்குறியே."

ராக்குவுக்குத் தெரியும். வாய் நாறிய முதல் நாளே, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடு என்று பக்கத்து வீட்டுச் சரசு தலையில் அடித்துக்கொண்டாள். தண்ணி ஊத்தாமல் மருந்து கொடுத்தால் ஆத்தா கோவிப்பாள் என்று ராக்குதான் கதவைச் சாத்தினாள். இப்போது எந்த முகத்தோடு வழக்காடுவாள்?

"அப்ப நானே ஊத்துறேன்" என்றாள்.

வாட்ச்மேன் குடமும் மஞ்சளும் எடுத்துக் கொடுத்தார். நல்ல மனுஷன், சட்டம்தான் கெட்டது. ராக்கு வேப்பிலை போட்டு ஆஸ்பத்திரிப் படியில் முதல் தண்ணீர் ஊற்றினாள். நிமிர்ந்து பார்த்தால் இரண்டு நாள் போயிருந்தது.

"ஒருநாள் விட்டு ஒருநாள்தான ஊத்தணும்" என்றார் வாட்ச்மேன்.

ஊற்றினால் நாள் போகிறது. ஊற்றாவிட்டால் கதவு திறக்காது. அழுதுகொண்டே இரண்டாம் தண்ணீர் ஊற்றினாள். மூன்றாவதும் ஊற்றினாள். கேட் திறந்தது.

தாழ்வாரத்தில் அவள் எட்டு வைக்க வைக்க அது நீண்டது. வழியில் ஒரு நர்ஸ் மயிலுக்குத் தம்ளரில் தண்ணீர் கொடுத்தாள். குழந்தை ஆசையாகக் குடித்தது. குடித்த தண்ணீர் கன்னத்தின் வழியாக ராக்குவின் தோளில் வழிந்தது.

ராக்கு உள்ளங்கையால் கன்னத்தைப் பொத்தினாள். அப்புறம் அந்தக் கையை எடுக்கவே இல்லை.

தாழ்வாரத்தின் கடைசியில் டாக்டர் தலை துவட்டிக்கொண்டிருந்தார்.

"நோமா" என்றார். "சத்தில்லாத பிள்ளைங்களுக்கு அம்மைக்குப் பின்னால வரும். வாயில ஆரம்பிச்சு முகத்தைத் தின்னும். கேக்க நாதியில்லாத நோய்ங்கன்னு ஒரு பட்டியல் இருக்கு, அதுலகூட இப்பத்தான் சேத்தாங்க."

"காப்பாத்துங்க சாமி."

"மொத நாளே வந்திருந்தா மாத்திரையிலயே நின்னுருக்கும்."

"மொத நாள் எங்க இருக்கு?"

"மூணாவது மாடி. லிஃப்ட் வேலை செய்யல" என்றார் டாக்டர். மாத்திரைப் பொட்டலத்தை அவள் முந்தானையில் முடிந்துவிட்டார். "இங்க கொடுத்துப் பிரயோசனமில்ல. அங்க கொண்டுபோய்க் கொடு."

ராக்கு ஓடினாள். மயிலு அவள் கழுத்தில் மூச்சு விட்டுக்கொண்டிருந்தாள். அந்தச் சூடு போதும் என்று ஏறினாள். முதல் மாடியில் ஈ மொய்த்தது. இரண்டாவது மாடியில் அவள் தெரு வந்தது, சரசு வீட்டுக் கோழி குறுக்கே ஓடியது.

மூன்றாவது மாடியில் அவள் வீடு இருந்தது. நிலையில் வேப்பிலை வாடாமல் தொங்கியது. உள்ளே மயிலு சிணுங்குவது கேட்டது. வாய் முழுசாக இருக்கிற பிள்ளையின் சிணுங்கல்.

ராக்கு ஒரு கையால் தோளில் கிடந்தவளின் கன்னத்தைப் பொத்திக்கொண்டு மறு கையால் கதவைத் தட்டினாள்.

"மருந்து கொண்டாந்திருக்கேன். தொறந்துவிடு தாயி."

உள்ளேயிருந்து அவளுடைய குரலே பதில் சொன்னது.

"வீட்டுல ஆத்தா வந்திருக்கா. மூணு தண்ணி ஊத்தட்டும். அப்புறமா வாங்க."