மௌரீன் கட்டிய பொட்டலம்

1

இந்தக் கதை என் சரக்கு இல்லை. மர்பி டவுனில் எதிர்வீட்டு மௌரீன் கொட்டித் தீர்த்தது. "எழுதுங்க. ஆனா பாவம் பொண்ணுன்னு மட்டும் எழுதிடாதீங்க" என்றாள். சரி, முதல் வரி: எலெக்ட்ரானிக் சிட்டியில் அன்று மழை கொட்டிக்கொண்டிரு

(இல்லை. நல்ல வெயில். மழை என் பழக்கதோஷம்.)

2

2004. வெளிநாட்டு வாடிக்கையாளரின் ஆயிரக்கணக்கான கணினிகளில் ஒரு மென்பொருளைத் தனித்தனியாக நிறுவ முடியுமா? அதை ஒரே பொட்டலமாகக் கட்டி அனுப்புவதுதான் மௌரீன் வேலை. கட்டும் கருவி, நிறுவுமுன் கணினியை ஒருமுறை பார்க்கும், நிறுவியபின் மறுமுறை பார்க்கும். புதிதாக வந்ததையெல்லாம் வாரிக் கட்டிவிடும். ஆன்டிவைரஸ் ஓடினால் அதன் குப்பையும் சேர்ந்துவிடும் என்று அதை நிறுத்திவைப்பார்கள்.

[வாசகர் இங்கே கொட்டாவி விடுவார். விடட்டும். இந்த எழவெடுத்த வழக்கம்தான் அவளைக் கவிழ்த்தது.]

கருவிக்கு உரிமம் தீர்ந்துபோயிருந்தது. டீம் லீட் தேசிகன், நாலு பேர் காதுபடச் சொன்னார்: "லைசென்ஸ் வர வாரக்கணக்கா ஆகும்மா. நெட்ல லைசென்ஸ் இல்லாமலே ஓடுற மாதிரி கிராக் பண்ணது கெடைக்கும், எறக்கிக்கோ."

"ஏதாச்சும் வந்துடப்போகுது சார்."

"எல்லா டீம்லயும் அதான் ஓடுது. அடுத்த மாசம் பர்மனென்ட் ஆகணுமா வேணாமா? வேலையை முடி."

இறக்கினாள். காவலில்லாத கணினியில் ஓட்டினாள். கருவிக்குள் ஒளிந்திருந்த திருட்டு நிரல் அவள் கட்டிய பொட்டலத்துக்குள் ஏறி உட்கார்ந்துகொண்டது. பொட்டலம் போன இடமெல்லாம் கடவுச்சொற்கள் களவுபோயின.

3

தேசிகனை வில்லனாக்கப் பார்த்தேன், படியவில்லை. மௌரீனின் அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்தபோது ஓடிவந்து ரத்தம் கொடுத்த மனுஷன். அதனால்தான் அவளுக்கு இன்னும் வயிறு எரிகிறது.

விசாரணைக் கூட்டத்தில் அவர் அவள் பக்கம் திரும்பினார். முதன்முதலாகக் கேட்பவரைப் போல, "ஏம்மா, எங்கேருந்து எறக்கினே இதை?" என்றார்.

"நீங்கதானே சார் சொன்னீங்க."

"நானா?"

4

முடிவு ஒன்று: தேசிகன் தலைகுனிந்து ஒத்துக்கொள்

(அடித்துவிட்டேன். எனக்கே நம்பிக்கையில்லை.)

முடிவு இரண்டு: வேறு கம்பெனியில் மௌரீன் ஜம்மென்று இருக்கிறாள். இதைப் படித்துக் காட்டியபோது அவள் சிரித்த சிரிப்பை எழுத எனக்குத் தமிழ் போதாது.

மூன்றாவதை நான் எழுதப்போவதில்லை. தேசிகன் சொன்னதை நாலு பேர் கேட்டார்கள் அல்லவா? நாலு பேரும் அந்த விசாரணை அறையில்தான் இருந்தார்கள். மூன்று பேர் மேஜையைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். நாலாவது ஆளுக்கு நான் பெயர் வைக்கவில்லை. அந்த நாற்காலியில் நீங்கள்தான் உட்கார்ந்திருக்கிறீர்கள். உங்களுக்கும் அடுத்த மாசம்தான் பர்மனென்ட்.

மௌரீன் உங்களைப் பார்க்கிறாள்.