முதல் படத்துக்கு ஒரு குலவை

மெட்ராஸில் ஒன்பது வருஷம் அடுத்தவர் படங்களுக்கு டோலக் தட்டியும், மழைச் சத்தம் மாட்டுவண்டிச் சத்தம் பிடித்துக் கொடுத்தும் காலம் தள்ளிய சோணைமுத்துவுக்கு, 1979-ல்தான் 'இசை' என்று தன் பெயரைத் திரையில் பார்க்கும் யோகம் வந்தது. வந்த யோகம் ஒரு குலவையில் போய் மாட்டிக்கொண்டது. கதாநாயகிக்குத் தாலி ஏறும் காட்சி. கோரஸ் பாடும் நாலு பெண்களை மைக் முன்னால் நிறுத்திக் குலவை போடச் சொன்னான். உப்புத் தண்ணீரில் வாய் கொப்பளித்த மாதிரி இருந்தது.

"வெள்ளிக்கிழமைக்குள்ள அசல் குலவை வரணும். இல்லேன்னா படத்துல வேற ஆள் பேர்தான் வரும்" என்றார் டைரக்டர்.

அசல் குலவைக்கா பஞ்சம்? இரவல் டேப் ரிக்கார்டரைத் தூக்கிக்கொண்டு, திருப்பரங்குன்றத்தில் அக்கா செல்லத்தாய் வீட்டில் வந்து இறங்கினான். அவள் குலவை போட்டால் மலை மேலிருக்கும் குரங்குகூடத் திரும்பிப் பார்க்கும்.

"சும்மாவெல்லாம் போட முடியாதுடா. வீட்ல ஒரு நல்லது நடக்கணும். ஒண்ணுமில்லாம குலவை போட்டா சாமி என்ன ஏதுன்னு கேக்காதா?"

"அக்கா, என் பொழப்பே இதுலதான் இருக்கு."

"அப்ப ஒரு நல்லதைப் பண்ணு. அன்னக்கொடி இன்னும் எம்புட்டு நாளைக்குக் காத்துக் கெடப்பா?"

அன்னக்கொடி தாய்மாமன் மகள். முதல் படம் வரட்டும், முதல் படம் வரட்டும் என்று ஆறு வருஷமாக அவளை இழுத்தடித்த புண்ணியவான் இவன்தான். ஆசை இல்லாமல் இல்லை. வாய்விட்டுச் சொல்லத்தான் துப்பில்லை. இப்போது தலையாட்டினான். மறுநாள் காலையே தட்டு மாற்ற ஏற்பாடானது. பத்துப் பெண்கள் கூடிவிட்டார்கள். சோணைமுத்து காதில் ஹெட்போனை மாட்டி, மைக்கை நீட்டி, மெஷினில் முள் ஆடுகிறதா என்று குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான். மாப்பிள்ளை செய்கிற வேலையா அது!

அன்னக்கொடி எழுந்து வந்து ஹெட்போனைக் கழற்றினாள்.

"மச்சான், இந்தக் குலவை எனக்கா, மெஷினுக்கா?"

அவள் கண் கலங்கியிருந்தது. அவனுக்குச் சுருக்கென்றது. மெஷினை அணைத்தான்.

"உனக்குத்தான்."

பத்துப் பேரும் சேர்ந்து போட்டார்கள். வெறும் காதோடு கேட்டுக்கொண்டு நின்றான். இன்னொரு தடவை போடுங்கள் என்று கேட்க அவனுக்கு வாய் வரவில்லை.

மெட்ராஸில் வாங்கிய திட்டுக்கு அளவில்லை. வேறு ஆள் தேட நேரமில்லாததால் பெயர் தப்பித்தது. பொய்க் குலவை வைக்க மனசில்லாமல், தாலி ஏறும் இடத்தில் ஒரு சத்தமும் இல்லாமல் விட்டான்.

"ஜனம் கூச்சல் போட்டா அத்தோட உன் கதை முடிஞ்சது" என்றார் டைரக்டர்.

கல்யாணம் முடிந்த கையோடு படமும் மதுரைக்கு வந்தது. அன்னக்கொடியோடும் அக்காவோடும் பால்கனி டிக்கெட் எடுத்து மதியக் காட்சிக்குப் போனான். அந்தக் காட்சியும் வந்தது. திரையில் தாலி ஏறுகிறது, சத்தத்தையே காணோம். முன்வரிசையில் ரெண்டு பேர் விசிலடித்தார்கள். சோணைமுத்து கர்சீப்பை எடுத்துக் கழுத்தைத் துடைத்தான்.

செல்லத்தாய்க்குப் பொறுக்கவில்லை. "தாலி ஏறுது, ஒருத்தியும் வாயத் தொறக்காம மரமாட்டம் நிக்கிறாளுகளே!" என்று திரையைப் பார்த்து ஏசிவிட்டு, தானே குலவையை எடுத்தாள். கீழே பெண்கள் பக்கத்திலிருந்து இன்னொருத்தி சேர்ந்துகொண்டாள். அடுத்த நிமிஷம் தியேட்டர் முழுக்கப் பிடித்துக்கொண்டது.

சோணைமுத்து கர்சீப்பால் முகத்தை மூடிக்கொண்டான். அன்னக்கொடி அவன் முதுகைத் தடவிக் கொடுத்தாள்.

"அழாதீங்க மச்சான். ஆளுக பாக்குறாக."