முற்றத்து மூடி

மகள் அன்று காலை அவருடைய கோட்டுக் காலரை இரண்டு முறை சரிசெய்தாள். மூன்றாவது முறையும் கை வைத்தபோதுதான், விஷயம் காலரில் இல்லை என்று அவருக்கு உறைத்தது.

"அப்பா, அங்க உங்களைத் தெரிஞ்சவங்க இப்ப யாரும் இருக்க மாட்டாங்கல்ல?"

"இருபது வருஷம் ஓடிப்போச்சும்மா. எவன் இருக்கப் போறான்?"

"இல்ல, சும்மாதான் கேட்டேன்."

சும்மா கேட்கவில்லை என்பது இருவருக்கும் தெரியும். மாப்பிள்ளை வீட்டில் அவரைத் தண்ணீர் வாரியத்தில் இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவர் என்று சொல்லி வைத்திருந்தாள். நிச்சயத்தன்று சம்பந்தியம்மா வாய் நிறைய "வாங்க இன்ஜினியர் சார்" என்று கூப்பிட்டபோதுதான் அவருக்கே அது தெரியவந்தது. முப்பத்திரண்டு வருடம் குழாய் வேலை பார்த்தவர், ஒரு நொடி பின்னால் திரும்பிப் பார்த்துவிட்டு, பிறகு சிரித்தார். அந்தச் சிரிப்பில் பொய் அவருடையதாகவும் ஆகிவிட்டது.

கல்யாணத்துக்கு அந்தப் பழைய கோட்டை மாளிகையைத் தேர்ந்தெடுத்தவளும் மகள்தான். அதை விடுதியாக மாற்றியபோது குழாய் வேலை முழுவதும் அவர் பார்த்தது. மனைவி ஆஸ்பத்திரியில் இருந்த ஒரு நாள், வேறு வழியில்லாமல் ஏழு வயதுப் பிள்ளையைக் கூட அழைத்துப் போயிருந்தார். சமையற்கட்டு வாசலில் உட்கார்ந்து, கதவிடுக்கு வழியாகப் பெரிய மாடிப்படியையே நாளெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம் வேனில் ஏறும்போது, "அந்தப் படியில நான் இறங்கி வரணும்பா" என்றாள். சரி என்று சொன்னவர் அவர்தான். பெரியவர்கள் சொல்லிவிட்டு மறந்துபோகிற சரி. பிள்ளை மறக்கவில்லை.

மூன்று மணி நேரக் கார்ப் பயணம். மாப்பிள்ளைக்கு லீவு கிடைக்காததால் சம்பந்தியம்மா மட்டும் வந்திருந்தார். நானூறு விருந்தாளிகள், இரண்டு நாள் தங்கல் என்று வழியெல்லாம் அதே பேச்சு. இதற்கு முன் பார்த்த நாலு இடங்களையும், ஒன்றில் கூரை தாழ்வு, ஒன்றில் பக்கத்திலேயே பன்றிப் பண்ணை என்று கழித்துக் கட்டியிருந்தார். இந்த இடத்தில் முன்வாசலைப் பார்த்ததுமே, "அப்பாடா, இதுதான் கல்யாணம் பண்ற இடம்" என்றார். மகள் அப்பாவைப் பார்த்துச் சிரித்தாள். அவர் அந்த வாசல் வழியாக உள்ளே போவது அதுதான் முதல் தடவை. அப்போதெல்லாம் பின்வாசல்தான்.

கல்யாண ஏற்பாடு செய்கிற பெண் கையில் டேப்லெட்டுடன் முன்னால் நடந்தாள். கூடம், விருந்து மண்டபம், ஏரியைப் பார்த்த பால்கனி. அவர் காதில் எதுவும் ஏறவில்லை. சுவருக்குள் ஓடுகிற தண்ணீர்ச் சத்தம்தான் ஏறியது. எந்த அறையின் எந்தச் சுவரில் வளைவு வைத்தோம் என்பது கண்ணை மூடினாலும் தெரியும். கையைச் சும்மா வைக்க முடியாமல் பேண்ட் பாக்கெட்டில் திணித்துக்கொண்டார்.

மணமகள் அறையின் குளியலறையில் ஒருவன் வாஷ்பேசின் அடியில் மண்டியிட்டு வேலை செய்துகொண்டிருந்தான். முதலில் தெரிந்தது கழுத்து. நீண்ட, முன்னால் வளைந்த கழுத்து. நெட்டையன். ஒன்பது வருடம் அவருடன் ஜோடியாக வேலை செய்தவன். மகளைப் பள்ளியில் சேர்க்கப் போன அன்று அவருக்குத் தன் சட்டையைக் கழற்றிக் கொடுத்தவன்.

நெட்டையன் திரும்பினான். முகம் அப்படியே மலர்ந்தது. "டே..." என்று வாயில் வந்தது. வந்த சொல் அவருடைய கோட்டைப் பார்த்தது, கூட நிற்கிறவர்களைப் பார்த்தது, பாதியில் நின்றது. அவர் கண்ணாடியில் தன் டையைப் பார்ப்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். கண்ணாடியிலும் நெட்டையன்தான் தெரிந்தான்.

"கொஞ்சம் தள்ளிக்கப்பா," என்றார் சம்பந்தியம்மா. "பொண்ணோட அப்பா பார்க்கணும். வாட்டர் போர்டு இன்ஜினியர்."

நெட்டையன் எழுந்து கையைத் துடைத்துக்கொண்டான்.

"வணக்கம் சார்."

"ம்," என்றார் அவர்.

"நானூறு பேருக்கு மொத்தம் எத்தனை பாத்ரூம்?" என்று சம்பந்தியம்மா கேட்டார். ஏற்பாட்டுக்காரப் பெண் பதினொன்று என்றாள். ஒதுங்கி நின்ற நெட்டையனுக்குத் தாங்கவில்லை.

"நானூறா? அம்மா, தப்பா நினைக்காதீங்க. பதினொண்ணுக்கும் ஒரே லைன். கல் சுவரை உடைக்கக் கூடாதுன்னு ஓனர் அப்பவே சொல்லிட்டாரு. முற்றத்துக்கு அடியில வாட்டமே இல்ல, தண்ணி வடியச் சரிவு கிடையாது. எண்பது பேரைத் தாண்டினா சாக்கடைத் தண்ணி முற்றத்து மூடி வழியாத் திரும்பி மேல வந்துரும். நல்ல நாள்ல நாறிடக் கூடாது பாருங்க."

அத்தனையும் அவருடைய வார்த்தைகள். இருபது வருடம் முன்பு ஓனரிடம் இதே வரிசையில், நாறிடக் கூடாது என்பது வரைக்கும், அவர் சொன்னவை. நெட்டையன் ஒரு எழுத்துக்கூட மாற்றாமல் வைத்திருந்தான்.

"அண்ணா, நீங்க உங்க வேலையைப் பாருங்க," என்றாள் ஏற்பாட்டுக்காரப் பெண்.

"பார்க்கிறேன். சார் இன்ஜினியராச்சே, சாரே சொல்லட்டும்."

சம்பந்தியம்மா சிரித்தார். "பாத்ரூம் கழுவ விட்டா கல்யாணத்தையே நிறுத்திருவாங்க போலிருக்கே. நீங்க சொல்லுங்க சம்பந்தி."

இன்ஜினியராகவே இதைச் சொல்லியிருக்கலாம். ஆனால் வாட்டம் என்று ஒரு வார்த்தை எடுத்தால் அடுத்து நெட்டையன் வாயிலிருந்து "நாம போட்ட லைன்தானே" என்று வந்துவிடும் என்ற பயம். மகள் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். காலையில் காலரைப் பிடித்த அதே பிடி.

"அதெல்லாம் சமாளிச்சுக்கலாம்," என்றார்.

அதோடு நிறுத்தியிருக்கலாம். யாரும் கேட்காமலே இன்னொன்றும் வந்தது: "இவங்களுக்கு என்ன தெரியும்."

நெட்டையன் அவரை ஒரு முறை ஏற இறங்கப் பார்த்தான். கோபம் இருந்திருந்தால் தேவலை. தெரியாத ஒருவரைப் பார்க்கிற மரியாதைதான் இருந்தது.

"சரிங்க சார். படிச்சவங்க சொன்னா சரியாத்தான் இருக்கும். இறங்கறப்ப பார்த்துப் போங்க, ரெண்டாவது படி வழுக்கும்."

கீழே முற்றத்தில் மேஜை போட்டு, பதிவுத் தாளை விரித்தார்கள். சம்பந்தியம்மா கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டு படிக்க ஆரம்பித்தார். பேனா தாள் மேலேயே இருந்தது. மேடை எங்கே வரும் என்று ஏற்பாட்டுக்காரப் பெண் காட்ட, மகள் அங்கே போய் மணப்பெண்ணாக நின்று பார்த்தாள். சரியாக அந்த இரும்பு மூடியின் மேல். மேலே பச்சைப் பாய் விரித்திருக்க, மூடியின் ஓரம் மட்டும் தெரிந்தது.

"இங்க நின்னா படிக்கட்டு நேரா தெரியுதுப்பா," என்றாள். ஏழு வயதுக் குரல்.

அவர் தலையாட்டினார். முகம் எரிந்தது. வயதான காலத்தில் முகம் இப்படி எரியும் என்று அவர் நினைத்ததில்லை.

அப்போது மாடியிலிருந்து விசில் கேட்டது. விரல் இரண்டை வாயில் வைத்து ஊதுகிற நீண்ட விசில்.

அவருக்கு அந்த விசில் தெரியும். வேலை முடிந்தால் கடைசிச் சோதனை அது. ஒவ்வொரு குளியலறையிலும் ஓர் ஆள் நிற்க வேண்டும்; விசில் கேட்டதும் எல்லோரும் ஒரே நேரத்தில் ஃப்ளஷ்ஷை அழுத்த வேண்டும். அவர் ஏற்படுத்திய பழக்கம். இங்கே வேலை முடிந்த அன்றைக்கு இந்த மூடி எழும்பியது. "ஒரே நேரத்துல எவன் போகப் போறான்?" என்று ஓனர் சிரித்துவிட்டுப் போனார். இன்று மாடியில் துப்புரவுப் பெண்கள் ஆறேழு பேர் இருந்ததை இறங்கி வரும்போதே பார்த்திருந்தார்.

"என்ன சத்தம் அது?" என்றார் சம்பந்தியம்மா, பேனாவின் மூடியைக் கழற்றியபடி.

யாருக்கும் தெரியவில்லை. சுவருக்குள் தண்ணீர் திரண்டு இறங்குகிற சத்தம் அவருக்கு மட்டும் கேட்டது. முதல் மாடி. வளைவு. தரை. எத்தனை நொடியில் இங்கே வரும் என்பதும் அவருக்குத் தெரியும்.

நாலு எட்டில் போய், மகளின் கையைப் பிடித்து ஓரடி தள்ளி நிறுத்தினார்.

"என்னப்பா?"

அவர் குனிந்து பாயை ஒதுக்கினார், கோட்டின் நுனி மண்ணில் புரள. மகள் மூடியைப் பார்த்தாள், பிறகு அவரை. மாடிக் கைப்பிடியில் நீண்ட கழுத்து ஒன்று எட்டிப் பார்த்தது. மூடியின் விளிம்பைச் சுற்றியிருந்த தூசி, ஓர் ஓரத்திலிருந்து மெல்ல நனைந்து கறுக்கத் தொடங்கியது.